முட்டுக்கட்டையிலிருந்து பிரேக் பேட் வரை: மதுரையின் மோட்டார் கதையில் ஒரு கை அகலத் துண்டு

இந்த எபிசோடு ஒரு சத்தத்திலிருந்து தொடங்குது. கோரிப்பாளையம் சிக்னல்ல வண்டியை மெதுவா நிறுத்துறீங்க. முன் சக்கரத்துல இருந்து 'கீச்'னு ஒரு சத்தம் வருது. கண்ணாடியை ஏத்தி, பாட்டு சத்தத்தைக் கூட்டிட்டுப் போயிடலாம். நிறைய பேர் அதைத்தான் செய்யறோம். ஆனா அந்தச் சத்தம் வேணும்னே வைக்கப்பட்டது. பிரேக் பேடோட ஓரத்துல ஒரு சின்ன இரும்புத் தகடு இருக்கும். பேட் தேய்ஞ்சு மெலிசாகும்போது அந்தத் தகடு டிஸ்க்கைத் தொட்டு உரசும். "என்னை மாத்துங்க"ன்னு சொல்ற மணி அது.

நம்ம கை அகலம் இருக்கிற அந்தத் துண்டுக்குப் பின்னாடி ஒரு நீளமான வரலாறு இருக்கு. அதுல ஜெர்மனியில் ஒரு செருப்புத் தைக்கிறவர் வர்றார், இங்கிலாந்துல ஒரு தொழில்காரர் வர்றார், மதுரை மேல வெளி வீதி வருது, காரியாபட்டி பக்கத்துல ஒரு வறண்ட காடு வருது. நடுவுல பலரோட நுரையீரலும் வருது. அந்தக் கடைசி விஷயம்தான் இன்னைக்கு நான் முக்கியமா பேச விரும்புறது.

தேரை யார் நிறுத்துறாங்க?

மதுரைக்காரங்களுக்கு பிரேக் பத்தி யாரும் புதுசா சொல்லித் தர வேண்டியதில்லை. சித்திரைத் திருவிழாவில், திருக்கல்யாணத்துக்கு மறுநாள், மாசி வீதிகளில் தேரோட்டம். வடம் பிடிக்கிற ஆயிரக்கணக்கான பேரை நாம எல்லாரும் பார்க்கிறோம். தேரை நிறுத்துறவங்களை அவ்வளவா பார்க்கிறதில்லை. அவங்க சக்கரத்துக்குப் பக்கத்துல, குனிஞ்சபடி, கையில் ஒரு கனமான மரக்கட்டையோட நடந்து வருவாங்க. அதுதான் முட்டுக்கட்டை. சரியான நொடியில் அதைச் சக்கரத்துக்கு அடியில் கொடுக்கணும். சக்கரம் கட்டை மேல் ஏறும், உரசும், வேகம் குறையும். ஒரு பக்கச் சக்கரத்துக்கு மட்டும் கொடுத்தா தேர் அந்தப் பக்கமா திரும்பும். அதாவது அந்தக் கட்டைதான் பிரேக்கும் ஸ்டீயரிங்கும்.

இதுல ரெண்டு விஷயம் கவனிங்க. ஒண்ணு, கட்டை தேயும், பிளக்கும். தேர் தேயக் கூடாது. தேய்மானத்தை ஏத்துக்கிறதுக்குன்னே ஒரு பொருளை வைக்கிறோம். இன்னைக்கு உங்க வண்டியில் இருக்கிற பேடும் இதே வேலையைத்தான் பார்க்குது: டிஸ்க்குக்குப் பதிலா அது தேயுது. ரெண்டாவது, நிறுத்துற வேலையில் உயிராபத்து யாருக்கு? வடம் பிடிக்கிறவருக்கும் உண்டு, ஆனா அதிகம் சக்கரத்துக்குப் பக்கத்துல கட்டையோட நிற்கிறவருக்குத்தான். இந்த ரெண்டாவது விஷயத்தை மறந்துடாதீங்க, திரும்ப வருவோம்.

பின்னாளில் தேருக்கும் மோட்டார் வண்டியோட தொழில்நுட்பம் வந்தது. திருவாரூர் ஆழித்தேருக்கு திருச்சி பெல் நிறுவனம் இரும்புச் சக்கரமும் ஹைட்ராலிக் பிரேக்கும் பொருத்தியது. ஆனாலும் முட்டுக்கட்டை போடுறவங்களுக்கு வேலை போயிடலை. இன்னைக்கும் தேரோட்டத்துல அவங்க சக்கரத்தை ஒட்டித்தான் நடக்கிறாங்க.

செருப்புத் தோலும் பழைய பூட்ஸும்

இப்போ 1888 ஆகஸ்ட்டுக்குப் போவோம். ஜெர்மனியில் கார்ல் பென்ஸ் மோட்டார் வண்டி செஞ்சுட்டார், ஆனா வாங்க ஆள் இல்லை. அவர் மனைவி பெர்த்தா பென்ஸ், ரெண்டு மகன்களைக் கூட்டிக்கிட்டு, கணவர்கிட்ட சொல்லாமலே வண்டியை எடுத்துக்கிட்டு மான்ஹைம் ஊர்ல இருந்து ஃபோர்ட்ஸ்ஹைமுக்குக் கிளம்பிட்டார். சுமார் 100 கிலோமீட்டர். வழியில் இறக்கங்களில் மரத்தால் ஆன பிரேக் கட்டை தேய்ஞ்சு வேலை செய்யலை. ஒரு கிராமத்துல செருப்புத் தைக்கிறவர்கிட்ட போய், அந்தக் கட்டை மேல தோல் வச்சு ஆணி அடிக்கச் சொன்னார். உலகத்தின் முதல் பிரேக் லைனிங் அதுதான்னு சொல்லுவாங்க.

ஒன்பது வருஷம் கழிச்சு, 1897-இல், இங்கிலாந்தின் டெர்பிஷயர் மலைப்பகுதியில் ஹெர்பர்ட் ஃப்ரூட் என்பவர் இதே சிக்கலை வேற இடத்துல பார்த்தார். இறக்கத்துல குதிரை வண்டிக்காரங்க மர பிரேக்குக்கு நடுவுல பழைய பூட்ஸைச் செருகி வண்டியை நிறுத்திக்கிட்டிருந்தாங்க. ரப்பரும் தோலும் மரத்தைவிட நல்லா பிடிக்குதுன்னு அவங்களுக்குத் தெரிஞ்சிருந்தது. ஃப்ரூட் அதை ஒரு தொழிலாவே ஆக்கினார். தன் பேரின் எழுத்துகளை மாத்திப் போட்டு, மனைவி எலிசபெத்தின் முதல் எழுத்தைச் சேர்த்து, கம்பெனிக்கு 'ஃபெரோடோ' என்று பேர் வச்சார். இன்னைக்கும் அந்தப் பிராண்டு இருக்கு.

ஆரம்பத்தில் நெய்த நார்ப்பட்டை, பருத்தி இதெல்லாம் வச்சுத்தான் செஞ்சார். குதிரை வண்டிக்கு அது போதும். மோட்டார் வண்டிக்குப் போதலை. வேகம் கூடினா சூடு கூடும், பருத்தி கருகிடும். எரியாத, மலிவான, நெய்யக்கூடிய ஒரு நார் வேணும். அது பூமிக்கு அடியிலிருந்து கிடைச்சது. கல்நார், அதாவது ஆஸ்பெஸ்டாஸ். 1908 வாக்கில் ஃபெரோடோ அதுக்கு மாறியது. அதுக்கப்புறம் முக்கால் நூற்றாண்டுக்கு உலகத்துல ஓடின வண்டிகளை நிறுத்தினது பெரும்பாலும் கல்நார்தான். ஒரு லைனிங்கோட எடையில் கிட்டத்தட்ட பாதி கல்நாராவே இருந்தது உண்டு.

மேல வெளி வீதியில் ஒரு பஸ் கம்பெனி

இப்போ மதுரைக்கு வருவோம். 1840-களில் கலெக்டர் பிளாக்பர்ன் காலத்துல பழைய கோட்டைச் சுவரை இடிச்ச இடத்துலதான் வெளி வீதிகள் உருவாச்சு. அதுல மேல வெளி வீதி, ரயில்வே ஸ்டேஷன் பக்கம். அங்கேதான் டி.வி.எஸ். கம்பெனியின் தலைமையகம்.

டி.வி. சுந்தரம் ஐயங்கார் 1877-இல் பிறந்தவர். பூர்வீகம் திருநெல்வேலிச் சீமையில் திருக்குறுங்குடி. வக்கீல் தொழில், ரயில்வே வேலை, வங்கி வேலை எல்லாம் பார்த்துட்டு, அதையெல்லாம் விட்டுட்டு 1912-இல் பஸ் ஓட்ட வந்தார். அந்தக் காலத்து ரோட்டை நினைச்சுப் பாருங்க. தார் கிடையாது. மாட்டு வண்டியும் குதிரை வண்டியும்தான் போக்குவரத்து. மதுரைப் பெரியவர்கள் சொல்ற ரெண்டு கதை உண்டு. டி.வி.எஸ். பஸ் போறதை வச்சு கடிகாரத்தைச் சரி பண்ணிக்கலாம் என்பது ஒண்ணு. ரோட்டில் கிடக்கிற லாட ஆணியைப் பொறுக்க வண்டியில் காந்தம் கட்டி ஓட்டினார்கள் என்பது இன்னொண்ணு. கதைக்குள் இருக்கிற செய்தி தெளிவு: வழியில் நிற்காம போகணும்னா, போறதுக்கு முன்னாடி பராமரிப்பு பண்ணணும்.

ரெண்டாம் உலகப் போர் வந்து பெட்ரோல் கிடைக்காம போனபோது, கரியை எரிச்சு வர்ற வாயுவில் வண்டி ஓட்டுற கேஸ் பிளாண்ட்டை டி.வி.எஸ். தயாரித்தது. டயருக்கு ரீட்ரெடிங் தொழிற்சாலை வந்தது. இதையெல்லாம் சேர்த்துப் பாருங்க. பஸ் ஓட்டுறவன் கையில் தேய்ஞ்ச டயர், தேய்ஞ்ச லைனிங், உடைஞ்ச பட்டைன்னு தினமும் ஒரு குவியல் வரும். எது எவ்வளவு கிலோமீட்டரில் தேயும்னு அவனுக்குத்தான் தெரியும்.

சுதந்திரத்துக்குப் பிறகு இன்னொரு திருப்பம். டி.வி.எஸ். குழுமத்தின் சுந்தரம் மோட்டார்ஸ், ஜெனரல் மோட்டார்ஸின் பெரிய விநியோகஸ்தர். உள்நாட்டிலேயே தயாரிக்கிற திட்டம் இல்லாம, வெளிநாட்டு பாகங்களைப் பூட்டி மட்டும் விக்கிறவங்க இங்கே தொடர முடியாதுன்னு இந்திய அரசு 1953-இல் கொள்கை எடுத்தது. 1954-இல் ஜெனரல் மோட்டார்ஸ் இந்தியாவில் கார் பூட்டுறதை நிறுத்தியது. அடுத்த வருஷம், 1955-இல், சுந்தரம் ஐயங்கார் காலமானார். விக்கிறதுக்கு வெளிநாட்டு வண்டி இல்லை. ஆனா இந்தியாவில் வண்டி செய்யறவங்களுக்குப் பாகம் வேணும். அடுத்த தலைமுறை அந்தப் பக்கம் திரும்பியது. 1960-இல் வீல்ஸ் இந்தியா. 1962-இல் இங்கிலாந்துக் கம்பெனிகளோட கூட்டில் பிரேக்ஸ் இந்தியாவும், பஸ் லாரிகளுக்கு ஏர் பிரேக் செய்ய சுந்தரம் கிளேட்டனும். 1974-இல் சுந்தரம் பிரேக் லைனிங்ஸ். இதே காலத்துல, 1964-இல், சென்னையில் ரானே குழுமமும் பிரேக் லைனிங் செய்யத் தொடங்கியிருந்தது.

'மதுரைக் கம்பெனி ஏன் சென்னை பாடியில் தொழிற்சாலை வச்சது?'ன்னு நீங்க கேட்கலாம். வாங்குறவங்க அங்கே இருந்தாங்க. எண்ணூரில் அசோக் லேலண்ட், திருவொற்றியூரில் என்ஃபீல்டு. பிரேக் செய்யறவர் வண்டி செய்யறவருக்குப் பக்கத்துல இருக்கணும். நடுவுல 1972-இல் பஸ்களை அரசு எடுத்துக்கிட்டு, மதுரையில் பாண்டியன் ரோடுவேஸ் உருவானது. பஸ் கம்பெனியா தொடங்கின ஒரு பேர், பஸ் இல்லாம, பஸ்ஸை நிறுத்துற பொருளைச் செய்யற பேரா மாறிடுச்சு.

கதை தெற்குப் பக்கம் திரும்பியும் வந்தது. மதுரையிலிருந்து அருப்புக்கோட்டை ரோட்டில் போனா காரியாபட்டி வரும். விருதுநகர் மாவட்டம். மழையை நம்பின மானாவாரிக் காடு. அந்தப் பக்கத்து முஷ்டக்குறிச்சியில் சுந்தரம் பிரேக் லைனிங்ஸின் தொழிற்சாலை இருக்கு. கண்மாய் வத்தினா விவசாயம் நின்னு போற ஊர்ப் பக்கத்தில், உலகத்தின் ஏதோ ஒரு நெடுஞ்சாலையில் லாரியை நிறுத்துற லைனிங் வெந்து வருது.

ஏன் முன் சக்கரம்?

ஒரு சின்ன இடைவெளி எடுத்து, இயற்பியல். முதல் கால கார்களில் பெரும்பாலும் பின் சக்கரத்துக்கு மட்டும்தான் பிரேக். முன்னாடி பிரேக் வச்சா வண்டி குப்புற விழும், ஸ்டீயரிங் போயிடும்னு பயம். நாலு சக்கரத்துக்கும் ஹைட்ராலிக் பிரேக் வச்ச முதல் தயாரிப்பு கார் 1921-இல் அமெரிக்காவில் வந்த டூசன்பர்க்.

டவுன் பஸ்ஸில் நின்னுக்கிட்டுப் போயிருக்கீங்களா? டிரைவர் பிரேக் போட்டா எல்லாரும் முன்னாடி சாய்வோம். வண்டியின் எடையும் அப்படித்தான் முன் சக்கரத்து மேல சாயுது. எடை அதிகமா இருக்கிற சக்கரம்தான் ரோட்டை நல்லா பிடிக்கும். அதனால நிறுத்துற வேலையில் சுமார் 60-லிருந்து 70 சதவீதம் முன் சக்கரத்துக்குப் போகுது. முன் பேட் சீக்கிரம் தேயறதும், பல கிராஸ்ஓவர்களில் முன்னாடி டிஸ்க், பின்னாடி டிரம் இருக்கிறதும் இதனாலதான். கிராஸ்ஓவர் உயரமான வண்டி, எடையும் கூட. அதனால இந்தச் சாய்வும் கூடுது.

டிஸ்க் பிரேக்கும் பழைய யோசனைதான். 1902-இல் லான்செஸ்டர் என்ற ஆங்கிலேயர் காப்புரிமை வாங்கினார். அவர் வச்சது செம்பு, கீச்சிட்டே இருக்கும். 1953-இல் பிரான்சின் லெ மான் 24 மணி நேரப் பந்தயத்தில், டிஸ்க் பிரேக் வச்ச ஜாகுவார் ஜெயிச்ச பிறகுதான் உலகம் அதைத் திரும்பிப் பார்த்தது. டிரம்முக்குள் சூடு அடைஞ்சு கிடக்கும். டிஸ்க் காத்துல திறந்து இருக்கும். சூட்டை வெளியேத்துறதுதான் பிரேக்கோட பாதி வேலை.

எவ்வளவு சூடு? ஒரு கணக்குப் போடுவோம். ஆட்களோட 1,500 கிலோ இருக்கிற கிராஸ்ஓவர், மணிக்கு 100 கிலோமீட்டரில் போய் நின்னா, அந்த ஒரு நிறுத்தத்தில் வர்ற சூடு 2 லிட்டர் தண்ணியைக் கொதிக்க வைக்கும். அதே வண்டி சுமார் 2,100 மீட்டர் உயரக் கொடைக்கானலில் இருந்து வத்தலக்குண்டு வரைக்கும் இறங்கினா, கணக்குப்படி கிட்டத்தட்ட 90 லிட்டர். அந்தச் சூட்டில் ஒரு பங்கு காத்துக்கும் டயருக்கும் போகும். கியரைக் குறைச்சு இறங்கினா இன்ஜினும் ஒரு பங்கை வாங்கிக்கும். நியூட்ரலில் இறங்கினா மிச்சம் மொத்தமும் அந்தச் சின்னப் பேடுகள் மேல. ஞாயித்துக்கிழமை சாயந்தரம் இறக்கத்துல வர்ற கருகல் வாசனை அதுதான்.

கல்நாரின் கணக்கு

சரி, அந்த ரெண்டாவது விஷயத்துக்கு வருவோம். நிறுத்துற வேலையில் ஆபத்து யாருக்கு?

1924-இல் இங்கிலாந்தின் ராச்டேல் ஊரில் நெல்லி கெர்ஷா என்ற பெண் இறந்து போனார். கல்நார் நூற்கிற ஆலையில் வேலை பார்த்தவர். வயசு 33. அவர் நுரையீரலில் கல்நார்த் துகள் இருந்ததை ஒரு மருத்துவர் ஆராய்ந்து மருத்துவ இதழில் எழுதினார். 1930-இல் அரசு அறிக்கை வந்தது, 1931-இல் தூசியைக் கட்டுப்படுத்தச் சட்டம் வந்தது. அப்போ இருந்தே தெரியும். ஆனா பிரிட்டன் கல்நாரை முழுசா தடை செய்தது 1999-இல். அமெரிக்கா, கடைசியா புழக்கத்தில் இருந்த வகையைத் தடை செய்தது 2024-இல்.

ஏன் இவ்வளவு தாமதம்? ஒரு காரணம், இந்த நோய் உடனே வராது. கல்நார்த் துகளால் வர்ற மீசோதீலியோமா என்ற புற்றுநோய் வெளியே தெரிய 20-லிருந்து 50 வருஷம்கூட ஆகலாம். 18 வயசுல பட்டறையில் சேர்ந்த பையனுக்கு 55 வயசுல மூச்சு வாங்கினா, அதுக்கும் பிரேக் தூசிக்கும் முடிச்சுப் போட யார் இருக்காங்க?

இந்தியாவில் 1995 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் ஒரு முக்கியமான தீர்ப்பு கொடுத்தது. கல்நார்த் தொழிலாளர்கள் தொடர்பான பொதுநல வழக்கு அது. தொழிலாளியின் உடல்நலம் என்பது வாழும் உரிமையின் பகுதின்னு நீதிமன்றம் சொன்னது. தொழிலாளர்களின் உடல்நலப் பதிவேட்டைக் குறைந்தது 40 வருஷம் வச்சிருக்கணும், காப்பீடு எடுக்கணும்னு உத்தரவிட்டது. நல்ல தீர்ப்பு. ஆனா அதைச் செயல்படுத்த பதிவேடு வச்சிருக்கிற ஆலை வேணும். ரெண்டு பேர் வேலை பார்க்கிற ரோட்டோரப் பட்டறைக்குப் பதிவேடும் கிடையாது, தொழிற்சாலைச் சட்டமும் எட்டிப் பார்க்காது. கல்நார் ஷீட்டு இன்னும் நம்ம ஊரில் சட்டப்படி விக்கிற பொருள்தான்.

பட்டறையில் என்ன நடக்கும்னு பாருங்க. டிரம்மைக் கழட்டினதும் உள்ளே கறுப்பாத் தூசி குவிஞ்சிருக்கும். ஏர் கம்பிரசர் ஹோஸை எடுத்து ஒரே ஊதல். தூசி புகை மாதிரி கிளம்பும். ரெண்டு நிமிஷத்துல சுத்தம். அதைவிட வேகமான வழி கிடையாது. பழைய லைனிங் காலத்துல அந்தப் புகையில் கல்நார் இருந்தது. லைனிங்கை ஷூவில் வச்சு ரிவிட் அடிச்சு, அரம் போட்டுத் தேய்க்கும்போதும் அதே தூசிதான். தேர்ச் சக்கரத்துக்குப் பக்கத்துல நின்னவர் மாதிரியே, இங்கேயும் வண்டிக்காரருக்குக் கிடைச்ச பாதுகாப்புக்கு விலை கொடுத்தது சக்கரத்துக்குப் பக்கத்துல உட்கார்ந்தவர்தான். வித்தியாசம் என்னன்னா, முட்டுக்கட்டை போடுறவருக்கு ஆபத்து கண்ணுக்குத் தெரியும்.

இன்னைக்கு நிலைமை மாறியிருக்கு. சுந்தரம், ரானே போன்ற கம்பெனிகள் கல்நார் இல்லாத பேடுகளையே செய்யறாங்க. பெட்டியில் 'ஆஸ்பெஸ்டாஸ் ஃப்ரீ'ன்னு போட்டிருக்கும். ஆனா பேர் இல்லாத பெட்டியில், பாதி விலைக்கு வர்ற பேடுக்குள் என்ன இருக்குன்னு பார்த்துச் சொல்ல முடியாது. பழைய வண்டியின் டிரம்முக்குள் எந்தக் காலத்து லைனிங் இருக்குன்னும் சொல்ல முடியாது. அதனால எல்லாத் தூசியையும் கல்நார்த் தூசின்னே நினைச்சு நடக்கிறதுதான் சரி.

கடையில் என்ன கேட்கிறது?

உதிரிபாகக் கடையில் நடக்கிற பேச்சு நமக்கெல்லாம் தெரிஞ்சதுதான்.

"அண்ணே, முன்னாடி பேட் ஒரு செட் வேணும்."

"கம்பெனி பேட் எடுக்கிறீங்களா தம்பி, லோக்கலா?"

இந்த இடத்துல விலையை மட்டும் கேட்காதீங்க. பேடு பெரும்பாலும் மூணு வகை. உலோகம் குறைவா, நாரும் பிசினும் கலந்த ஆர்கானிக்: சத்தம் கம்மி, டிஸ்க்கை அதிகம் தேய்க்காது, ஆனா கடும் சூட்டில் பிடிப்பு குறையும். இரும்புத் தூள் கலந்த செமி மெட்டாலிக்: சூட்டைத் தாங்கும், மலைக்கு நல்லது, சத்தமும் கறுப்புத் தூசியும் கூட. செராமிக்: தூசி கம்மி, சத்தம் கம்மி, விலை கூட. மதுரைக்குள்ளேயே ஓடுற வண்டிக்குக் கம்பெனி பொருத்தின அதே வகை போதும். மாசம் ஒரு தடவை கொடைக்கானல், மேகமலைன்னு போறவங்க சூடு தாங்குற வகையைப் பத்தி மெக்கானிக்கிட்ட பேசுங்க.

பேடின் முதுகிலோ ஓரத்திலோ சில சமயம் ரெண்டு ஆங்கில எழுத்து அச்சடிச்சிருக்கும். இ, எஃப், ஜி மாதிரி. முதல் எழுத்து சாதாரண சூட்டில் எவ்வளவு பிடிக்கும்னு சொல்லும், ரெண்டாவது கடும் சூட்டில். இ-யைவிட எஃப் கூட, எஃப்-ஐவிட ஜி கூட. முதல் எழுத்து எஃப், ரெண்டாவது இ-ன்னு இருந்தா, சூடேறினதும் பிடிப்பு குறையற பேடுன்னு அர்த்தம். இறக்கத்துல அது தெரியும்.

எப்போ மாத்துறது? புது பேடின் உரசுற பாகம் சுமார் 10-லிருந்து 12 மில்லிமீட்டர் தடிமன். 3 மில்லிமீட்டருக்கு வந்துட்டா மாத்திடணும். ஒரு பக்கம் மட்டும் மாத்தாதீங்க. ரெண்டு முன் சக்கரத்துக்கும் சேர்த்து மாத்தணும். இல்லைன்னா வண்டி ஒரு பக்கமா இழுக்கும், முட்டுக்கட்டையை ஒரு பக்கம் மட்டும் கொடுத்த தேர் மாதிரி. டிஸ்க்கின் குறைந்தபட்சத் தடிமன் அதன் மேலேயே பொறிச்சிருக்கும். அதுக்குக் கீழே தேய்ஞ்சிருந்தா புது பேடு போட்டும் பிரயோஜனம் இல்லை.

மாத்துற முறையைத் தெரிஞ்சு வச்சுக்கிட்டா, பக்கத்துல நின்னு பார்க்கும்போது புரியும். சமதரையில் வண்டி. ஹேண்ட் பிரேக். பின் சக்கரத்துக்கு ஒரு கல் முட்டுக்கொடுக்கணும். நட்டை லேசா தளர்த்தின பிறகுதான் ஜாக்கி. ஜாக்கியை மட்டும் நம்பி யாரும் வண்டிக்கு அடியில் கை விடக் கூடாது, ஸ்டாண்டு வேணும். காலிப்பரின் போல்ட்டைக் கழட்டி, காலிப்பரைக் கம்பியால் கட்டித் தொங்க விடணும். பிரேக் ஹோஸில் தொங்கினா ஹோஸ் கெடும். பழைய பேடை எடுத்துட்டு, பிஸ்டனை மெதுவா உள்ளே தள்ளணும். அப்போ மேலே பிரேக் ஆயில் மட்டம் ஏறும், வழியாம பார்க்கணும். சறுக்குற பின்னைச் சுத்தம் பண்ணி அதுக்குரிய கிரீஸ் வைக்கணும். பேடின் முகத்திலும் டிஸ்க்கிலும் ஒரு பொட்டு கிரீஸ்கூடப் படக் கூடாது.

எல்லாம் பூட்டின பிறகு, வண்டியை நகர்த்துறதுக்கு முன்னாடி பிரேக் மிதியைப் பல தடவை அழுத்தணும். பிஸ்டன் உள்ளே போயிருக்கிறதால முதல் மிதி அப்படியே தரைக்குப் போகும். இதைச் செய்யாம ரிவர்ஸ் எடுத்தா வண்டி நிக்காது. அப்புறம் காலியான ரோட்டில், மணிக்கு 50 கிலோமீட்டரில் இருந்து 10 வரைக்கும் மெதுவா குறைச்சு, கொஞ்சம் ஆற விட்டு, ஒரு பத்து தடவை. பேடும் டிஸ்க்கும் ஒண்ணோடொண்ணு பழகணும்.

பிரேக் ஆயிலையும் கேளுங்க. அது காத்துல இருந்து ஈரத்தை உறிஞ்சும். டாட் 4 ஆயில் புதுசில் குறைந்தது 230 டிகிரி வரை கொதிக்காம தாங்கணும். ஈரம் சேர்ந்தா அந்த அளவு 155 டிகிரிக்கு இறங்கிடும். இறக்கத்துல ஆயில் கொதிச்சா குழாய்க்குள் ஆவி சேரும், மிதி பஞ்சு மாதிரி அமுங்கும்.

ஒரு ஈரத் துணி

கடைசியா, உங்ககிட்ட ஒரே ஒரு வேண்டுகோள். அடுத்த தடவை பேடு மாத்தப் போகும்போது, பட்டறைப் பையன் கம்பிரசர் ஹோஸைக் கையில் எடுத்தா, "ஊத வேண்டாம் தம்பி, ஈரத் துணியால துடைச்சிடலாம், இல்லைன்னா பிரேக் கிளீனர் ஸ்ப்ரே அடிச்சிடலாம்"னு சொல்லுங்க. ஸ்ப்ரேக்கு ஆகிற காசை நீங்களே கொடுங்க. வேலை அஞ்சு நிமிஷம் கூடும். நீங்களும் அந்தத் தூசிக்குப் பக்கத்துல நிக்காதீங்க.

பெர்த்தா பென்ஸ், ஃப்ரூட், சுந்தரம் ஐயங்கார்னு பேர் இருக்கிறவங்க கதை நமக்குக் கிடைச்சிருக்கு. தோல் வச்சு ஆணி அடிச்ச அந்தச் செருப்புத் தைக்கிறவர் பேர் நம்ம கதையில் இல்லை. மாசி வீதியில் கட்டை போடுறவங்க பேரும், டிப்போவில் முப்பது வருஷம் லைனிங் ரிவிட் அடிச்சவங்க பேரும் நமக்குத் தெரியாது. அவங்கள்ல யாராவது உங்க வீட்டில் தாத்தாவாவோ பெரியப்பாவாவோ இருந்தா, அந்தக் காலத்து வேலை எப்படி இருந்துச்சுன்னு கேட்டு, குரலைப் பதிவு பண்ணி வைங்க. இருமல் நீண்ட நாளா இருந்தா, டாக்டர்கிட்ட போகும்போது "இவர் பிரேக் லைனிங் வேலை பார்த்தவர்"னு மறக்காம சொல்லுங்க. மருத்துவருக்கு அந்த ஒரு வரி ரொம்ப உதவும்.